முதல் ஆல்பம் பதியப் போகிறோம்: எல்லோரும் சேர்ந்து வாசிப்பதா, ஒவ்வொருவராகவா?

#1 நாலாவது கம்பி

வணக்கம். நாங்கள் நாலு பேர் கொண்ட ராக் பேண்ட். இரண்டு கிதார், ஒரு பேஸ், டிரம்ஸ். நான் பாடுகிறேன், ரிதம் கிதாரும் என் கையில்தான். சேர்ந்து வாசிக்கத் தொடங்கி இரண்டரை வருடம் ஆகிறது. சொந்தப் பாட்டு ஒன்பது இருக்கிறது. அடுத்த மாதம் ஒரு ஸ்டூடியோவில் மூன்று நாள் இடம் பிடித்திருக்கிறோம்.

இப்போது எங்களுக்குள் ஒரு வழக்கு. ஒத்திகை அறையில் வாசிப்பது போலவே நாலு பேரும் ஒரே நேரத்தில் வாசித்துப் பதிய வேண்டும் என்கிறாள் டிரம்ஸ் வாசிப்பவள். லீட் கிதார் வாசிப்பவன் ஒத்துக்கொள்ளவில்லை. கிளிக் (ஹெட்ஃபோனில் சீராக ஓடும் தாளத் தட்டு) போட்டு முதலில் டிரம்ஸ், அப்புறம் பேஸ், அப்புறம் கிதார்கள், கடைசியில் குரல் என்று ஒவ்வொன்றாகப் பதிந்தால்தான் சுத்தமாக வரும் என்கிறான். கணினி டிரம்ஸ் வைத்து வீட்டிலேயே ஐந்து பாட்டுக்கு டெமோ செய்திருக்கிறான். உண்மையாகவே நன்றாக இருக்கிறது. பேஸ் வாசிப்பவன் இரண்டு பேர் சொல்வதும் சரிதான் என்கிறான். முடிவு என் தலையில் வந்து நிற்கிறது.

எங்கள் நிலையில் இருந்தவர்கள் என்ன செய்தீர்கள்? ஒன்பது பாட்டையும் பதியலாமா, ஐந்தோடு நிறுத்தலாமா? போகும் முன் என்ன தயார் செய்ய வேண்டும்? இன்னொரு தடவை ஸ்டூடியோ பிடிக்க எங்களால் உடனே முடியாது. அதனால்தான் இவ்வளவு கேட்கிறேன்.

#2 மேசைக்குப் பின்னால்

பல வருடமாக ஒலிப்பதிவு செய்கிறேன். முதல் ஆல்பத்தோடு வரும் குழுக்கள்தான் என்னிடம் அதிகம். உங்கள் கேள்விக்கு என் பதில்: டிரம்ஸ், பேஸ், இரண்டு கிதார் எல்லாம் சேர்ந்தே வாசியுங்கள். குரலை மட்டும் பிறகு பாடுங்கள்.

காரணம் சொல்கிறேன். இரண்டரை வருடம் சேர்ந்து வாசித்த குழுவில் யாரும் தனியாகத் தாளம் பிடிப்பதில்லை. டிரம்மர் பல்லவிக்குள் நுழையும்போது பேஸ் வாசிப்பவரின் தோளைப் பார்த்து நுழைகிறார். நீங்கள் ஒரு வரியைச் சற்று இழுத்துப் பாடினால் மற்ற மூவரும் அந்த இழுப்புக்குக் காத்திருக்கிறார்கள். இதை நீங்கள் கவனித்திருக்கவே மாட்டீர்கள், பழகிப்போயிருக்கும். ஒவ்வொருவரையும் தனி அறையில் உட்கார வைத்துக் கிளிக்குக்கு வாசிக்கச் சொன்னால் முதலில் காணாமல் போவது அதுதான். அப்புறம் எல்லாத் தடங்களையும் கலக்கும் மிக்ஸிங்கில் எவ்வளவு தேடினாலும் கிடைக்காது.

சேர்ந்து வாசித்தால் எல்லா மைக்கிலும் எல்லா ஒலியும் கசியுமே என்று உங்கள் லீட் கிதார் நண்பர் கேட்பார். நியாயமான கேள்வி. டிரம்ஸோடு நீங்கள் எல்லோரும் ஒரே அறையில் நில்லுங்கள், கிதார் ஒலியைப் பெருக்கும் ஆம்ப்களை மட்டும் வேறு அறைகளில் வையுங்கள். கேபிள் நீளமாக இருந்தால் போதும். பேஸ், மைக் இல்லாமலே, டிஐ பெட்டி வழியாக நேராகப் பதிவு மேசைக்கு வந்துவிடும். எல்லோர் காதிலும் ஹெட்ஃபோன். நீங்கள் வழிகாட்டிக் குரல் மட்டும் மெதுவாகப் பாடிக்கொண்டிருங்கள், அது கடைசியில் தூக்கி எறியப்படும். இப்படிச் செய்தால் கண்ணும் பார்க்கும், கசிவும் இருக்காது. கிதாரில் ஒரு சுரம் தவறினால் அந்த இடத்தை மட்டும் மறுபடி வாசித்துச் சேர்க்கலாம்.

தயாரிப்பு என்று கேட்டீர்கள். டிரம் தோல்களைப் பதிவுக்கு இரண்டு மூன்று நாள் முன்பே மாற்றி, வாசித்துப் பழக்கிவிடுங்கள். புதுத் தோல் முதல் நாளில் சுருதி இறங்கிக்கொண்டே இருக்கும். கிதார் கம்பிகளை முந்தின நாள் மாற்றி, நன்றாக இழுத்து விடுங்கள். அதோடு கிதாரின் இன்டொனேஷனைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள். திறந்த கம்பி சுருதியோடு இருந்தும் பன்னிரண்டாவது கட்டத்தில் விலகினால், அந்தக் கிதார் மேல் கட்டங்களில் எந்தப் பாட்டையும் கெடுக்கும். ஒத்திகையை ஃபோனில் பதிந்து, ஒவ்வொரு பாட்டின் வேகமும் நிமிடத்துக்கு எத்தனை தட்டு என்று எழுதி வையுங்கள். ஒத்திகையில் எல்லோரும் பாட்டுக்குப் பாட்டு வேகம் கூட்டிவிடுவார்கள். எந்த வேகத்தில் பாட முடிகிறது என்பதைப் பாடுபவர் சொல்ல வேண்டும், டிரம்மர் அல்ல.

#3 ஹைஹேட்

டிரம்மர் என்ற முறையில் ஒன்று மட்டும். சேர்ந்து வாசித்தாலும் கிளிக் போடலாம். இரண்டும் எதிரெதிர் இல்லை. ஆனால் கிளிக்கோடு வாசிப்பது தனிப் பழக்கம். ஸ்டூடியோவில்தான் முதல் தடவை கேட்பது என்றால் வேண்டாம். இன்றிலிருந்து ஒவ்வொரு ஒத்திகையிலும் டிரம்மர் காதில் மட்டும் ஓடட்டும். ஒரு மாதம் தாராளமாகப் போதும். கிளிக்கைத் துரத்துவது நின்று அதன் மேல் உட்கார்ந்து வாசிக்கும் நாள் ஒன்று வரும், அவருக்கே தெரியும்.

#4 தனித்தடம்

நான் இதற்கு மறுபக்கம் பேசுகிறேன், ஏனென்றால் இந்தக் கேள்வி வரும்போதெல்லாம் "சேர்ந்து வாசித்தால்தான் உயிர்" என்று முடித்துவிடுகிறோம்.

எங்கள் முதல் பதிவில் நாங்கள் சேர்ந்துதான் வாசித்தோம். பதினான்காவது டேக்கில், அதாவது பதினான்காவது தடவை வாசித்துப் பதிந்ததில், டிரம்ஸ் அருமை, பேஸில் தவறு. பதினைந்தாவதில் பேஸ் சரி, நான் சொதப்பினேன். மாலைக்குள் எல்லோருக்கும் கை சோர்ந்து, ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. ஒருவரின் பிழைக்கு நாலு பேரும் மறுபடி வாசிப்பது இளம் குழுவின் மேல் பெரிய பாரம். யார் பிழை அதிகம் என்று மனதுக்குள் எண்ணத் தொடங்கிவிடுவோம்.

ஒவ்வொன்றாகப் பதிந்தே மிகப் பெரிய ராக் ஆல்பங்கள் வந்திருக்கின்றன. பாஸ்டன் குழுவின் 1976ஆம் ஆண்டு முதல் ஆல்பத்தில் பெரும்பகுதியை டாம் ஷோல்ஸ் தன் வீட்டு நிலவறை ஸ்டூடியோவில் அடுக்கடுக்காகப் பதிந்தார். பெரும்பாலான வாத்தியங்களை அவரே வாசித்தார். அந்த ஒலி அப்படிச் செய்ததால்தான் வந்தது. உங்கள் லீட் கிதார் நண்பரின் டெமோ நன்றாக இருக்கிறது என்று நீங்களே சொல்கிறீர்கள். அவருக்கு அந்தக் காது இருக்கிறது என்று அர்த்தம். அதை ஒதுக்கிவிடாதீர்கள்.

#5 மேசைக்குப் பின்னால்

பாஸ்டன் நல்ல உதாரணம். ஆனால் ஷோல்ஸ் மூன்று நாள் பிடித்துக்கொண்டு போகவில்லை, வருடக்கணக்கில் அந்த நிலவறையில் இருந்தார். அடுக்கிப் பதியும் முறைக்கு முதல் தேவை நேரம். ஒன்பது பாட்டு, நாலு பேர், மூன்று நாள் என்றால் ஒவ்வொன்றாகப் பதிந்து முடியாது. குரலுக்கு வரும்போது மூன்றாம் நாள் இரவாகியிருக்கும், பாடுபவர் அவசரத்தில் பாடுவார். முதல் ஆல்பங்களில் குரல் பலவீனமாக இருப்பதற்கு நான் பார்த்த பெரிய காரணம் இதுதான்.

பதினைந்து டேக் போனது பற்றி: மூன்று டேக்கில் பாட்டு வரவில்லை என்றால் அந்தப் பாட்டை விட்டு அடுத்ததற்குப் போய்விட வேண்டும். பிறகு திரும்பி வரலாம். உங்களை வாசிக்க விட்டுக்கொண்டே இருந்தவர் அங்கே நிறுத்தியிருக்க வேண்டும்.

#6 பழைய இசைத்தட்டு

பீட்டில்ஸ் குழுவின் முதல் ஆல்பத்தில் 14 பாட்டு. நாலு ஏற்கெனவே தனித்தட்டுகளாக வந்தவை. மீதி 10 பாட்டையும் 1963 பிப்ரவரி 11 அன்று, லண்டன் ஆபி ரோடு ஸ்டூடியோவில் ஒரே நாளில் பதிந்தார்கள். இரண்டே தடம் கொண்ட நாடா. ஜான் லெனனுக்கு அன்று ஜலதோஷம். தொண்டையைக் கிழிக்கும் பாட்டைக் கடைசிக்கு ஒதுக்கி வைத்தார்கள், அதன் முதல் டேக்தான் ஆல்பத்தில் இருக்கிறது. பிளாக் சபாத் தங்கள் முதல் ஆல்பத்தின் பெரும்பகுதியை 1969 அக்டோபரில் ஒரே நாளில் வாசித்துவிட்டார்கள். நிர்வாணா குழுவின் 1989 முதல் ஆல்பத்துக்கு அதைப் பதிந்த ஒலிப்பொறியாளர் ஜாக் என்டினோ கணக்குப் போட்ட நேரம் மொத்தம் 30 மணி.

இதை எல்லோரும் "ஒரே நாளில் முடிக்கலாம்" என்பதற்கு ஆதாரமாகச் சொல்வார்கள். நான் சொல்ல வருவது அதற்கு முந்தின கதை. பீட்டில்ஸ் அந்த ஸ்டூடியோவுக்குள் போகும் முன் 1960 முதல் 1962 வரை ஹாம்பர்க் மதுக்கூடங்களில் இரவுக்கு இரவு மணிக்கணக்கில் நின்று வாசித்தவர்கள். சபாத்தும் அதே மாதிரி மேடையில் அடிபட்டவர்கள். ஒரு நாளில் அவர்கள் பதிந்தது பல நூறு இரவுகளில் ஏற்கெனவே முடிந்திருந்த வேலையை.

ஆகவே தம்பி, உங்கள் ஒன்பது பாட்டில் எத்தனை பாட்டை மேடையில் பத்துத் தடவைக்கு மேல் வாசித்திருக்கிறீர்கள்? அந்த எண்ணிக்கைதான் உங்கள் ஆல்பத்தின் நீளம்.

#7 நாலாவது கம்பி

அண்ணா, உங்கள் கேள்வியை அப்படியே ஒத்திகையில் வைத்தேன். எண்ணிப் பார்த்தால் ஆறு. மற்ற மூன்றில் ஒன்று போன மாதம்தான் முடிந்தது, அது எனக்கு மிகவும் பிடித்தது, விட மனமில்லை. ஆனால் அதன் நடுப்பகுதி ஒவ்வொரு தடவையும் வேறு மாதிரி வருகிறது என்பதும் உண்மை.

ஆறு பாட்டு, மொத்தம் சுமார் 26 நிமிடம். இதை ஆல்பம் என்று சொல்லலாமா, ஈபியா (ஆல்பத்தை விடச் சிறிய வெளியீடு)? ஒரு சிறு எண்ணிக்கையில் வினைல் இசைத்தட்டு போடும் ஆசையும் இருக்கிறது.

#8 பழைய இசைத்தட்டு

பெயரைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். 26 நிமிடம் வினைலுக்கு மிக நல்ல நீளம். பன்னிரண்டு அங்குலத் தட்டில் 33⅓ வேகத்தில் ஒரு பக்கத்துக்கு 22 நிமிடத்துக்குள் இருந்தால்தான் ஒலி திடமாக நிற்கும். அதற்கு மேல் போனால் பள்ளங்களை நெருக்கி வெட்ட வேண்டும், ஒலி அளவும் பேஸும் குறையும். உங்களுக்குப் பக்கத்துக்கு 13 நிமிடம். தாராளமாக வெட்டலாம்.

பாட்டு வரிசை பற்றி இப்போதே யோசித்துவிடுங்கள். தட்டு ஒரே வேகத்தில் சுற்றினாலும், வெளி ஓரத்தில் ஊசிக்கு அடியில் வினாடிக்குச் சுமார் 50 சென்டிமீட்டர் பள்ளம் ஓடுகிறது, உள் ஓரத்தில் சுமார் 20 சென்டிமீட்டர்தான். அதே ஒலியை அவ்வளவு குறுகின இடத்தில் எழுத வேண்டும். அதனால் பக்கத்தின் கடைசியில் சிம்பல் சத்தமும் கூர்மையான 'ஸ்' ஒலியும் கரகரக்கும். பழைய தட்டுகளில் மெதுவான பாட்டு பக்கத்தின் கடைசியில் வருவதற்கு இதுவும் ஒரு காரணம். உங்கள் ஆறில் அமைதியான பாட்டு இருந்தால் அதற்கு இடம் தெரிந்துவிட்டது.

#9 முன்வரிசை

யாரும் இன்னும் கேட்காததை நான் கேட்கிறேன். பாட்டுகள் யாருடையவை என்று எழுதி வைத்தாயிற்றா?

நான் இருந்த குழு இதில்தான் உடைந்தது. பாட்டை எழுதியவன் நான் என்று ஒருவன், அந்த கிதார் ரிஃப் (திரும்பத் திரும்ப வரும் துணுக்கு) இல்லாமல் பாட்டே இல்லை என்று இன்னொருவன். ஆல்பம் வந்து ஒரு வருடம் கழித்து ஒரு விளம்பரத்துக்குப் பாட்டைக் கேட்டார்கள், அதுவரை யாரும் வாய் திறக்கவில்லை. அன்றைக்குப் பிறகு நாங்கள் பேசிக்கொள்ளவில்லை. இன்றைக்கும் இல்லை.

புரோகால் ஹாரம் குழுவின் 1967ஆம் ஆண்டுப் பாட்டு ஒன்று உலகப் புகழ் பெற்றது. அதன் ஆர்கன் பகுதியை அமைத்து வாசித்த மேத்யூ ஃபிஷர் 2005இல் வழக்குப் போட்டார், 2006இல் இசையில் 40 சதவீதப் பங்கு உண்டு என்று தீர்ப்பு வந்தது, மேல்முறையீடுகள் எல்லாம் முடிய 2009 ஆனது. பாட்டு வந்து 42 வருடம். ஆர்.இ.எம். குழுவில் தொடக்கத்திலிருந்தே தங்கள் பாட்டுகளுக்கு நாலு பேர் பெயரையும் சேர்த்தே போட்டார்கள். அதுவும் ஒரு வழி.

இரண்டு உரிமை தனித்தனி என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். மெட்டும் வரியும் ஒரு உரிமை. நீங்கள் பதியும் அந்த ஒலிப்பதிவு, அதாவது மாஸ்டர், இன்னொரு உரிமை. இரண்டுக்கும் பங்கு எழுதி, தேதி போட்டு, நாலு பேரும் கையெழுத்துப் போடுங்கள். ஒரு பக்கம் போதும். குழுவை விட்டு ஒருவர் போனால் பேண்டின் பெயர் யாருக்கு என்று ஒரு வரி சேருங்கள்.

#10 நாலாவது கம்பி

இதைப் படித்துவிட்டு இரண்டு நாள் பதில் எழுதவில்லை. நாங்கள் நண்பர்கள், கையெழுத்து என்ற பேச்சை எடுத்தாலே சந்தேகப்படுவது போல் ஆகிவிடும் என்று பயந்தேன். நேற்று ஒத்திகை முடிந்ததும் சொல்லிவிட்டேன். முதலில் மௌனம். அப்புறம் டிரம்ஸ் வாசிப்பவள் சொன்னாள்: "நான் வரி எழுதவில்லை, மெட்டுப் போடவில்லை. ஆனால் மூன்றாவது பாட்டை பாதி வேகத்துக்குக் குறைக்கச் சொன்னது நான்தான். அதற்கு முன் அது ஒரு பாட்டாகவே இல்லை. இது எந்தக் கணக்கில் வரும் என்று நானே பல நாளாக யோசித்திருக்கிறேன்." இரண்டரை வருடமாக அவள் மனதில் அது இருந்திருக்கிறது. எனக்குத் தெரியவே இல்லை.

ஆறு பாட்டுக்கும் நாலு சம பங்கு என்று எழுதினோம். வரி எழுதியவர் பெயர் அட்டையில் தனியாக இருக்கும். நன்றி, முன்வரிசை.

#11 நாலாவது கம்பி

ஐந்து வாரம் கழித்து வருகிறேன். பதிவு முடிந்தது. பயன்படும் என்று விவரமாக எழுதுகிறேன்.

முதல் நாள் காலை முழுவதும் டிரம்ஸுக்கே போனது. மேலே தொங்கும் இரண்டு மைக்கும் ஸ்னேர் என்ற டிரம்மிலிருந்து ஒரே தூரத்தில் இருக்க வேண்டும் என்று ஒலிப்பொறியாளர் ஒரு கயிற்றை ஸ்னேரின் நடுவில் பிடித்து அளந்தார். தூரம் மாறினால் ஸ்னேர் ஒலி ஒரு மைக்குக்கு முன்னும் ஒன்றுக்குப் பின்னும் வந்து ஒன்றையொன்று தின்றுவிடும் என்றார். ஒரு மைக்கைக் கை அளவு நகர்த்திவிட்டு மறுபடி கேட்க வைத்தார். அதே ஸ்னேர் தடித்துவிட்டது. அடுத்தது இன்னொரு சிக்கல்: யாரும் தொடாமலே ஸ்னேர் கரகரத்தது. பேஸின் ஒரு சுரத்துக்கு ஸ்னேருக்கு அடியில் இருக்கும் கம்பிகள் கூடவே அதிர்கின்றன. பேஸ் ஆம்பை அறையை விட்டு வெளியே எடுத்ததும் நின்றது. இரண்டரை வருட ஒத்திகையில் அந்தக் கரகரப்பு இருந்திருக்க வேண்டும், ஒரு நாளும் காதில் விழவில்லை.

மதியத்துக்கு மேல் நாலு பேரும் ஒரே அறையில் நின்று வாசித்தோம். முதல் ஒரு மணி நேரம் படு மோசம். எல்லோரும் ஹெட்ஃபோனில் தங்களையே கேட்டுக்கொண்டிருந்தோம். கடைசியில் பேஸ் வாசிப்பவன் ஒரு காதை வெளியே எடுத்துவிட்டான், "எனக்கு டிரம்ஸ் அறையில் கேட்க வேண்டும்" என்றான். நாங்களும் எடுத்தோம். அடுத்த டேக் நாலாவது பாட்டு, அப்படியே ஆல்பத்துக்குப் போகிறது.

மூன்று டேக் விதியைக் கடைப்பிடித்தோம். முதல் நாள் இரண்டு பாட்டு, இரண்டாம் நாள் நாலு. ஐந்து பாட்டுக்குக் கிளிக் ஓடியது. ஐந்தாவது பாட்டில் மட்டும் கிளிக் எங்களோடு சண்டை போட்டது. அதன் கடைசிப் பகுதி இயல்பாகவே வேகம் கூடும், அதைக் கட்டிப்போட்டால் செத்துப்போகிறது. கிளிக்கை நிறுத்தச் சொன்னது யார் தெரியுமா? லீட் கிதார் வாசிப்பவன்தான். மூன்றாம் நாள் முழுவதும் குரலும் கூடுதல் கிதாரும். காலையில் பாடியதை விட மதியம் நன்றாக வந்தது. ஒரு பாட்டுக்கு ஐந்து தடவைக்கு மேல் பாட விடவில்லை ஒலிப்பொறியாளர். அப்புறம் வரிக்கு வரி எது நன்றாக இருக்கிறது என்று சேர்ந்து தேர்ந்தெடுத்தோம்.

#12 ஹைஹேட்

கிளிக் இல்லாத பாட்டு ஆல்பத்தில் ஒன்றாவது இருக்க வேண்டும் என்று நான் நினைப்பவன். படிக்க நிறைவாக இருந்தது.

#13 நாலாவது கம்பி

மறுபடி ஒரு சிக்கல். மிக்ஸிங்கில் இப்போது ஏழாவது பதிப்பில் இருக்கிறோம். ஒவ்வொரு தடவையும் லீட் கிதார் வாசிப்பவன் தன் டெமோவைப் போட்டுக் காட்டி, "இதில் இருந்த அடி அங்கே எங்கே?" என்கிறான். கிதார்களை ஏற்றினால் என் வரிகள் கேட்பதில்லை. குரலை ஏற்றினால் பேண்ட் சின்னதாகிவிடுகிறது. நாலு பேரும் தனித்தனியாக ஒலிப்பொறியாளருக்குச் செய்தி அனுப்புகிறோம். அவர் பொறுமைசாலி, ஆனாலும் களைத்துவிட்டார் என்று தெரிகிறது.

#14 மேசைக்குப் பின்னால்

இது எல்லா முதல் ஆல்பத்திலும் வரும் கட்டம். முதலில் ஒன்று செய்யுங்கள்: ஒரே ஆள் மட்டும் ஒலிப்பொறியாளருக்கு எழுதட்டும். மற்றவர்கள் குறிப்பை அவரிடம் கொடுங்கள். முரண்பாட்டை உங்களுக்குள் தீர்த்துக்கொண்ட பிறகே அனுப்புங்கள். குறிப்பில் பாட்டின் நிமிடமும் வினாடியும் இருக்கட்டும். "அடி இல்லை" என்று எழுதினால் யாருக்கும் ஒன்றும் புரியாது.

டெமோவை நூறு தடவை கேட்டவருக்கு அதன் குறைகளும் பாட்டின் பகுதியாகிவிடும். அதற்காக அவர் சொல்வது பொய் இல்லை. டெமோவில் ஒரு கிதார்தான் இருந்திருக்கும், இல்லையா? இப்போது எத்தனை அடுக்கு? நாலு, ஐந்து? கிதார் அடுக்க அடுக்கப் பெரிதாகும் என்று தோன்றும். நிஜத்தில் 200 முதல் 500 ஹெர்ட்ஸ் வரையுள்ள தாழ்ந்த ஒலிகள் ஒரே சேறாகி, பேஸும் குரலின் கீழ்ப்பகுதியும் அதில் புதைந்துவிடும். இரண்டு அடுக்கை எடுத்துவிட்டுக் கேளுங்கள். கிதாரைக் கரகரக்க வைக்கும் டிஸ்டார்ஷனையும் கொஞ்சம் குறைத்திருந்தால் இன்னும் நல்லது, ஆனால் பதிந்தாகிவிட்டது. இடது பக்கம் ஒரு கிதார், வலது பக்கம் தனியாக வாசித்த இன்னொரு கிதார் இருந்தாலே போதும். ஒரே தடத்தை நகலெடுத்து இரண்டு பக்கமும் வைத்தால் அகலம் வராது, நடுவில் சத்தமாகக் கேட்கும், அவ்வளவுதான்.

இரண்டாவது: மிகக் குறைந்த ஒலி அளவில், ஒரே ஒலிபெருக்கியில் மோனோவாகக் கேளுங்கள். அதில் குரலும் ஸ்னேரும் தெளிவாக இருந்தால் பாட்டு சரியாக நிற்கிறது. பிறகு ஐந்து நாள் கேட்காமல் இருங்கள். இந்த ஐந்து நாளைத் தாங்க முடியாமல்தான் பல ஆல்பங்கள் கெட்டன.

#15 தனித்தடம்

அவரோடு இதில் முழுமையாக ஒத்துப்போகிறேன். அடுக்கிப் பதிபவன் என்ற முறையில் சொல்கிறேன், அடுக்கத் தெரிவதை விட எடுக்கத் தெரிவதுதான் கஷ்டம். அந்த டெமோவை ஒலிப்பொறியாளருக்கே அனுப்பி வையுங்கள். அதில் உள்ள ஏதோ ஒரு விஷயம், ஒருவேளை ஒரு எதிரொலியின் நீளமோ கிக் டிரம்மின் அளவோ, அவருக்கு உதவலாம்.

#16 நாலாவது கம்பி

அனுப்பினோம். கேட்டுவிட்டு அவர் சொன்னது: டெமோவில் கிக் டிரம் பேஸை விடச் சத்தமாக இருக்கிறது, எங்கள் மிக்ஸில் தலைகீழ். மாற்றினார். மூன்று பாட்டில் மூன்று கிதார் அடுக்குகளை எடுத்தார். லீட் கிதார் வாசிப்பவன் கேட்டு முடித்து, "அவ்வளவுதான், இதுதான்" என்றான். எடுத்த மூன்றில் இரண்டு அவன் வாசித்தவை. ஒன்பதாவது பதிப்போடு மிக்ஸிங் முடிந்தது.

இனி மாஸ்டரிங் (வெளியீட்டுக்கு முன் கடைசி ஒலிச் சீரமைப்பு), வெளியீடு. மாஸ்டரிங் எவ்வளவு சத்தமாகச் செய்யச் சொல்வது?

#17 மேசைக்குப் பின்னால்

சத்தப் போட்டிக்குப் போகாதீர்கள். ஸ்பாட்டிஃபை எல்லாப் பாட்டையும் இயல்பாகவே மைனஸ் 14 எல்யுஎஃப்எஸ் (காதுக்குக் கேட்கும் சத்தத்தை அளக்கும் அலகு) என்ற சராசரி அளவுக்குக் கொண்டுவருகிறது. மைனஸ் 8இல் நசுக்கிக் கொடுத்தால் 6 டெசிபல் குறைத்துவிடுவார்கள், நசுங்கியது மட்டும் மிஞ்சும். அதற்காக மைனஸ் 14 என்று குறி வைத்துச் செய்யவும் வேண்டாம். ராக் பாட்டுக்குக் கொஞ்சம் இறுக்கம் அழகுதான். ஸ்னேர் அடி மழுங்காத இடத்தில் நிறுத்தச் சொல்லுங்கள், உச்சம் மைனஸ் 1 டெசிபலைத் தாண்ட வேண்டாம். வினைலுக்குத் தனி மாஸ்டர் கேளுங்கள். கீழ் பேஸ் நடுவில் இருக்க வேண்டும், 'ஸ்' ஒலிகளை அடக்க வேண்டும்.

#18 முன்வரிசை

வெளியீட்டுக்குச் சில விஷயம். தேதியை முடிவு செய்துவிட்டு வேலையைத் தொடங்காதீர்கள், எல்லாம் கையில் வந்த பிறகு தேதி வையுங்கள். பாட்டை இணையத் தளங்களுக்கு அனுப்பும் விநியோக சேவையில் குறைந்தது நாலு வாரம் முன்பு ஏற்றுங்கள். ஸ்பாட்டிஃபையின் பாட்டுப் பட்டியல் (பிளேலிஸ்ட்) குழுவுக்குப் பாட்டை அனுப்ப வெளியீட்டுக்கு ஏழு நாள் முன்பாவது அது அங்கே இருக்க வேண்டும். ஒவ்வொரு பதிவுக்கும் அதை அடையாளம் காட்ட, எழுத்தும் எண்ணுமாக 12 இடம் கொண்ட ஐஎஸ்ஆர்சி குறியீடு வரும், அதைப் பங்குத் தாளிலேயே எழுதி வையுங்கள். பேண்ட் பெயரில் வேறு குழு இருக்கிறதா என்று இப்போதே தேடுங்கள், இல்லாவிட்டால் உங்கள் பாட்டு வேறொருவர் பக்கத்தில் போய் உட்காரும்.

2024இலிருந்து ஸ்பாட்டிஃபையில் ஒரு பாட்டு 12 மாதத்தில் 1000 தடவை கேட்கப்பட்டால்தான் ஒலிப்பதிவுக்கான தொகையே கணக்கில் வரும். அதை நம்பி எதையும் திட்டமிடாதீர்கள். மேடைக்கு வந்து கேட்டவர்களிடம் தட்டைக் கையில் கொடுப்பதுதான் முதல் ஆல்பத்துக்கு உண்மையான வெளியீடு.

#19 பழைய இசைத்தட்டு

வினைலுக்கு முழு அச்சுக்கு முன் சோதனைத் தட்டு வரும். அதை அவசரமாக ஒப்புக்கொள்ளாதீர்கள். ஒன்றுக்கு மேற்பட்ட பிரதிகளை, ஒன்றுக்கு மேற்பட்ட கருவிகளில், முழுதாகக் கேளுங்கள். ஒரே இடத்தில் எல்லாப் பிரதியிலும் 'டிக்' சத்தம் வந்தால் அது அச்சிலேயே உள்ள குறை, சொல்லித் திருத்த வேண்டும். ஒரு பிரதியில் மட்டும் வந்தால் தூசியாக இருக்கலாம்.

#20 நாலாவது கம்பி

ஏழு மாதம் ஆகிவிட்டது. போன வாரம் ஆல்பம் வந்தது. இங்கே சொல்லாமல் இருக்கக் கூடாது என்று எழுதுகிறேன்.

சோதனைத் தட்டு வந்த அன்று நாலு பேரும் பேஸ் வாசிப்பவன் வீட்டில் தரையில் உட்கார்ந்து கேட்டோம். முதல் பக்கம் சரி. இரண்டாம் பக்கத்தில் ஒரு 'டிக்' எல்லாப் பிரதியிலும் வந்தது. சொன்னோம், திருத்திக் கொடுத்தார்கள், ஆறு வாரம் தள்ளிப்போனது. தேதியை முன்பே அறிவிக்காமல் இருந்தது எவ்வளவு நல்லதாகப் போயிற்று. அமைதியான பாட்டு இரண்டாம் பக்கத்தின் கடைசியில் இருக்கிறது.

முதல் வெளியீட்டு நிகழ்ச்சியில் கொண்டுபோன தட்டுகளில் பாதிக்கு மேல் போய்விட்டன. ஒரு பெண் தட்டை வாங்கி, அட்டையின் பின்பக்கத்தை நின்று கடைசி வரை படித்தாள். டிரம்ஸ் வாசிப்பவள் தூரத்திலிருந்து அதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

#21 ஹைஹேட்

வாழ்த்துகள்! கேட்டேன். ஐந்தாவது பாட்டின் தொடக்கத்தில் டிரம் குச்சி நாலு தடவை தட்டுவது இருக்கிறதே, அதை வெட்டாமல் விட்டது யார் யோசனை?

#22 நாலாவது கம்பி

லீட் கிதார் வாசிப்பவனுடையது. ஒலிப்பொறியாளர் மூன்றாவது பதிப்பில் வெட்டிவிட்டார். அவன்தான் நிமிடம், வினாடி குறித்துத் திரும்ப வைக்கச் சொல்லி எழுதினான். இன்னொன்று, அந்த விடுபட்ட பாட்டின் நடுப்பகுதி இப்போது ஒரே மாதிரி வருகிறது. மேடையில் நாலு தடவை வாசித்துவிட்டோம்.